கற்றல் இடர்ப்பாட்டை இனங்கண்ட வரலாறு

எழுத்தறிவைக் கண்ணெனப் போற்றி வந்த மக்கள் நாம். விசயதசமியன்று பச்சரிசியிற் பிள்ளையின் விரலைப் பிடித்து அகரம் எழுதுவித்து ஏடு தொடக்குதல் நம் இல்லங்களிலும் ஆலயங்களிலும் இன்றும் நடைபெறும் சடங்காகும். அன்று ஏடு தொடக்கிய பிள்ளைகள் யாவரும் ஏறக்குறைய ஒரே காலத்தில் வாசிக்கக் கற்றுக்கொள்வர் என்பது பெற்றோரின் எதிர்பார்ப்பு. வகுப்பறை அனுபவமோ வேறு.

கொழும்பு மாநகரில், வெள்ளவத்தையிலாயினும் கொட்டாஞ்சேனையிலாயினும், தமிழ்ப் பிள்ளைகளுக்குக் கற்பிக்கும் ஆசிரியர் ஆண்டுதோறும் சில பிள்ளைகளைக் கண்டு திகைப்பதுண்டு. ஒரு பிள்ளை கதை கேட்டால் முதலில் விடை கூறும்; கடைக்கு அனுப்பினால் மிச்சக் காசைப் பிழையின்றி எண்ணிக் கொண்டுவரும்; புத்தகத்தைக் கையிற் கொடுத்ததும் வாயடைத்து நிற்கும். இன்னொரு பிள்ளை பெயர் சொல்லி அழைத்தாலும் திரும்பாது. தன் விளையாட்டுப் பொருளின் சில்லைச் சுழற்றுவதிலேயே ஆழ்ந்திருக்கும். மற்றொன்று ஐந்து நிமிடமேனும் ஓரிடத்தில் அமராது. மந்தபுத்தி, மக்கு, சோம்பேறி, குழப்படிகாரன் என்னும் பெயர்களுள் ஒன்றை இவர்களுக்குச் சூட்டிவிட்டு அப்பாற் செல்வது நெடுங்கால வழக்கமாயிருந்தது.

இப்பெயர்களின் இடத்தில், கற்றல் இடர்ப்பாடு, ஓட்டிசம், கவனக்குறைவு என மருத்துவரும் உளவியலாளரும் இன்று வேறு பெயர்களை வழங்குகின்றனர். இம்மாற்றம் எவ்வாறு ஏற்பட்டது என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும். பிள்ளைக்கு உதவுதற்கென எழுந்த சோதனைகள், பிள்ளையின் மொழியையும் வாழ்க்கையையும் நோக்காது பயன்படுத்தப்பட்டபோது, பிள்ளையை ஒதுக்கும் கருவிகளாக மாறின. இவ்வுண்மையை இவ்வரலாறு திரும்பத் திரும்ப உணர்த்துகின்றது.

பள்ளிச் சட்டமும் பின்தங்கிய பிள்ளையும்

வாசிக்க இயலாத பிள்ளை எக்காலத்தும் இருந்திருத்தல் வேண்டும். ஆயினும் பழைய நூல்களில் அப்பிள்ளையைப் பற்றிய குறிப்பைக் காண்பது அரிது. இதற்குக் காரணம் வெளிப்படை. திண்ணைப் பள்ளிக்கூடத்திற்குச் சிலரே சென்றனர். சென்றவருள் எழுத்துப் படியாதவன் தந்தையின் தொழிலுக்குத் திரும்பினான். உழவிலோ நெசவிலோ தச்சிலோ அவனது குறை எவர் கண்ணிலும் படவில்லை. எல்லாப் பிள்ளைகளும் பள்ளிக்கு வருதல் வேண்டும் என்ற சட்டம் பிறந்த பின்னரே, வந்தும் கற்க இயலாத பிள்ளை அரசாங்கத்தின் கவனத்திற்கு வந்தது.

இங்கிலாந்தில் 1870ஆம் ஆண்டின் சட்டம் தொடக்கப் பள்ளிகளை நாடெங்கும் பரப்பிற்று. 1880இல் வரவு கட்டாயமாயிற்று. அதற்கு முன்னரே, 1862 தொடக்கம், பரீட்சைப் பேற்றுக்கேற்ப நன்கொடை வழங்கும் முறை அங்கு நடைமுறையிலிருந்தது. வாசிப்பு, எழுத்து, கணக்கு ஆகியவற்றில் எத்தனை பிள்ளைகள் தேறினரோ அதற்கேற்பவே பள்ளிக்குப் பணம் கிடைத்தது. தேறாத பிள்ளை பள்ளிக்கு நட்டமாயிற்று. இலங்கையில் 1869இல் பொதுப் போதனைத் திணைக்களம் நிறுவப்பட்ட பின்னர், உதவி பெறும் பாடசாலைகளிலும் இம்முறையின் சாயல் படிந்தது. நகர்ப்புறங்கட்கு 1906இலும் கிராமங்கட்கு 1907இலும் இயற்றப்பட்ட கட்டளைச் சட்டங்கள் சுயமொழிப் பாடசாலைகளுக்குப் பிள்ளைகளை அனுப்புமாறு பெற்றோரை வற்புறுத்தின. பள்ளி விரியுந்தோறும் பின்தங்கும் பிள்ளையும் கண்ணுக்குப் புலனாயிற்று.

பேர்சி என்னும் சிறுவன்

கற்றல் இடர்ப்பாட்டின் வரலாற்றில் 1896ஆம் ஆண்டு நினைவிற் கொள்ளத்தக்கது. அவ்வாண்டு நவம்பரில், இங்கிலாந்தின் சசெக்ஸ் பகுதியிலுள்ள சீபோர்ட் நகர மருத்துவரான பிறிங்கிள் மோர்கன், பிரித்தானிய மருத்துவ சஞ்சிகையில் ஒரு சிறு குறிப்பை வெளியிட்டார். பேர்சி என்னும் பதினான்கு வயதுச் சிறுவனைப் பற்றியது அக்குறிப்பு. அவன் விவேகமுள்ளவன், விளையாட்டிலும் பிறர்க்குக் குறைந்தவனல்லன், கண்பார்வையிற் குற்றமில்லை, அட்சர கணிதக் கணக்குகளையும் செய்தான். பல்லாண்டு பயிற்றியும் சிறு சொற்களைத் தவிர வேறெதனையும் வாசிக்க இயலாதவனாயிருந்தான். தன் பெயரையே எழுத்து மாற்றி எழுதினான். பாடங்கள் யாவும் வாய்மொழியாக நடைபெறின் இவனே பள்ளியில் முதல்வனாவான் என அவனுடைய ஆசிரியர் கூறியதையும் மருத்துவர் பதிவு செய்தார்.

மோர்கன் இதனைப் 'பிறவிச் சொற்குருடு' எனக் குறித்தார். நோயினாலோ விபத்தினாலோ மூளை பழுதுற்ற வளர்ந்தோர் சிலர் வாசிக்கும் ஆற்றலை மட்டும் இழப்பதை ஜேர்மன் மருத்துவர்கள் முன்னரே கண்டிருந்தனர். 1877இல் குஸ்மவுல் அந்நிலையைச் 'சொற்குருடு' என்றார். பின்னர்க் கண் மருத்துவர் பேர்லின் 'டிஸ்லெக்சியா' என்னும் சொல்லை ஆக்கினார். இத்தகைய நிலை பிறவியிலும் அமையக்கூடும் என்பதே மோர்கன் கண்ட புதுமை. கிளாஸ்கோவின் கண் மருத்துவர் ஜேம்ஸ் ஹின்ஷெல்வூட் இத்தகைய பிள்ளைகள் பலரை ஆராய்ந்து 1917இல் தனிநூல் வெளியிட்டார். அமெரிக்காவில் சாமுவேல் ஓட்டன் 1925 தொடக்கம் இத்துறையில் உழைத்தார். அவருடன் பணிபுரிந்த அன்னா கில்லிங்காம், எழுத்தைக் கண்ணாற் கண்டு, வாயால் ஒலித்து, செவியாற் கேட்டு, விரலால் வரைந்து ஒருங்கே கற்கும் முறையை வகுத்தார்.

கண் மருத்துவர்கள் தொடங்கிய ஆய்வாதலின், குறை பார்வையைச் சார்ந்தது என்றே பலர் நெடுங்காலம் எண்ணினர். பேச்சிலுள்ள ஒலிகளைப் பிரித்தறிந்து அவற்றை எழுத்துக்களோடு இணைப்பதிலேயே பெரும்பாலான பிள்ளைகள் இடர்ப்படுகின்றனர் என்பது பிற்கால ஆய்வாளரின் முடிபாகும். நிற்க. பேர்சி வசதியுள்ள குடும்பத்துப் பிள்ளை. அவனுக்குப் பல்லாண்டு கற்பித்த ஆசிரியர் இருந்தனர். ஆகவே கற்பித்தும் இயலவில்லை என்பது தெளிவாயிற்று. ஏழைத் தொழிலாளியின் மகனுக்கு இதே குறை இருந்திருப்பின் வறுமையும் சோம்பலுமே காரணமாகக் கூறப்பட்டிருக்கும்.

பினேயின் அளவுகோல்

பாரிசு நகரிலும் இதே வினா எழுந்தது. சாதாரண வகுப்பிற் பயன்பெறாத பிள்ளைகளுக்குச் சிறப்பு வகுப்புகள் அமைப்பது பற்றி ஆராய 1904இல் பிரெஞ்சு அரசாங்கம் ஒரு குழுவை நியமித்தது. அக்குழுவில் இடம்பெற்ற உளவியலறிஞர் அல்பிறட் பினே, தியடோர் சிமோன் என்னும் மருத்துவருடன் சேர்ந்து 1905இல் முப்பது வினாக்கள் கொண்ட சோதனையொன்றை வெளியிட்டார். எளியதிலிருந்து அரியதற்குச் செல்லுமாறு அவை ஒழுங்குபடுத்தப்பட்டிருந்தன. ஆசிரியர் தம் விருப்பு வெறுப்பினால் ஒரு பிள்ளையை வகுப்பினின்று நீக்காதவாறு பாதுகாப்பதும் அதன் பயன்களுள் ஒன்றாகும். நுண்மதி பிறப்பிலேயே வரையறுக்கப்பட்டது, வளராதது என்னும் கொள்கையைப் பினே வன்மையாகக் கண்டித்தார். பின்தங்கிய பிள்ளைக்கு ஏற்ற பயிற்சி அளித்தால் முன்னேறும் என்பது அவர் துணிபு.

1911இல் பினே மறைந்தார். அவரது கருவி அவர் எண்ணாத வழிகளிற் சென்றது. அதனை 1908இலேயே அமெரிக்காவுக்குக் கொண்டு சென்ற கொடாட் என்பார், கப்பலில் வந்திறங்கிய குடிபெயர்வோரை 1913இல் நியூயோர்க்கின் எல்லிஸ் தீவிற் சோதித்தார். பல நாட் கடற்பயணத்தாற் களைத்து, ஆங்கிலம் அறியாது, மொழிபெயர்ப்பாளர் வாயிலாக வினாக்களைக் கேட்டவர்கள் அவர்கள். அவருட் பெரும்பாலார் அறிவு குறைந்தவர் என்பது கொடாட்டின் தீர்ப்பு! அதே 1913இல் இங்கிலாந்து இயற்றிய உளக்குறைச் சட்டம் இத்தகையோரை நான்கு வகுப்பாகப் பிரித்து, விடுதிகளில் அடைத்து வைக்க வழி வகுத்தது. 1959இலேயே அச்சட்டம் நீக்கப்பட்டது. பிள்ளைக்குக் கதவைத் திறக்க வந்த திறவுகோல் பூட்டுவதற்கும் பயன்பட்டமையை இங்குக் காண்கின்றோம்.

இந்தியாவில் வி. வி. காமத் பினேயின் சோதனையைக் கன்னடமும் மராத்தியும் பேசும் பிள்ளைகளுக்கு ஏற்பத் திருத்தியமைத்து, 1940இல் நூலாக வெளியிட்டார். ஒரு சோதனையை வேற்று நாட்டிலிருந்து பெறலாம்; பெற்றதை அந்நாட்டுப் பிள்ளைகளிடமே மீண்டும் அளந்து பார்த்த பின்னரே பயன்படுத்தல் வேண்டும் என்னும் நெறியை அவர் முயற்சி காட்டிற்று.

தாய்மார் சுமந்த பழி

வாசிப்பு இடர்ப்பாட்டைப் போன்றே பிற வளர்ச்சிக் குறைகளும் ஒன்றன்பின் ஒன்றாகப் பிரித்தறியப்பட்டன. 1866இல் இங்கிலாந்தின் லாங்டன் டவுன் ஒரு வகைப் பிள்ளைகளின் தோற்ற ஒற்றுமையை விவரித்தார். ஆயின் அவர் ஓர் ஆசிய இனத்தின் பெயரை அதற்குச் சூட்டியமை பெருந்தவறாகும். 1959இல் பிரெஞ்சு அறிஞர் லெஜூன் குழுவினர், அப்பிள்ளைகளின் உயிரணுக்களில் 21ஆம் நிறமூர்த்தம் ஒன்று மிகையாயிருப்பதைக் கண்டனர். பழைய இனப்பெயர் பின்னர் வழக்கொழிந்தது. அடங்காத இயக்கமும் நிலையாக் கவனமும் உடைய பிள்ளைகளைப் பற்றி 1902இல் இலண்டன் மருத்துவர் ஜோர்ஜ் ஸ்டில் விரிவுரையாற்றினார்.

1943இல் அமெரிக்காவில் லியோ கனர், பதினொரு பிள்ளைகளின் வரலாறுகளைத் தொகுத்து ஓட்டிசம் பற்றிய புகழ்பெற்ற கட்டுரையை எழுதினார். அடுத்த ஆண்டு வியன்னாவில் ஹான்ஸ் அஸ்பேர்கர் ஒத்த இயல்புடைய சிறுவரைப் பற்றி எழுதினார். இவ்விருவர்க்கும் ஏறக்குறைய இருபது ஆண்டுகட்கு முன்னரே உருசிய மருத்துவப் பெண்மணி குறுன்யா சுகரேவா இத்தகைய பிள்ளைகளை விவரித்திருந்தார். அவர் பெயரை உலகம் நெடுங்காலம் மறந்திருந்தது.

ஓட்டிசத்தின் காரணம் அறியப்படாத அக்காலத்தில், தாயின் அன்பின்மையே பிள்ளையை இவ்வாறாக்கியது என்னும் கொள்கை பரவிற்று. பிள்ளையின் துயரோடு பழியையும் தாய்மார் சுமந்தனர். தாமும் இத்தகைய மகனொருவனின் தந்தையாகிய உளவியலாளர் பேர்னாட் றிம்லண்ட், 1964இல் எழுதிய நூலில் இக்கொள்கையை மறுத்து, ஓட்டிசம் மூளையின் வளர்ச்சியைச் சார்ந்தது என வாதிட்டார். அவ்வாதமே பின்னர் நிலைபெற்றது. பிள்ளை பேசத் தாமதித்தால் தாயைக் குறை கூறும் வாய்கள் நம் ஒழுங்கைகளில் இன்னும் ஓயவில்லையாதலின், இவ்வரலாறு நமக்கும் உரியதே.

1963இல் சிக்காகோ நகரிற் பெற்றோர் கூடிய மாநாடொன்றில், சாமுவேல் கேர்க் என்னும் கல்வியறிஞர் 'கற்றல் இடர்ப்பாடு' என்னும் தொடரை எடுத்துரைத்தார். நுண்மதியிற் குறைவின்றி, வாசிப்பு முதலிய ஒரு துறையில் மட்டும் இடர்ப்படும் பிள்ளைகட்கு அது பொதுப்பெயராயிற்று. 1975இல் அமெரிக்கச் சட்டமும், 1978இல் இங்கிலாந்தின் வோர்னொக் அறிக்கையும், 1994இன் சலமன்கா பிரகடனமும், இத்தகைய பிள்ளைகளுக்குக் கல்வியளித்தல் பள்ளியின் கடமை என்பதை வெவ்வேறு வகையில் வலியுறுத்தின. 2013இல் அமெரிக்க உளமருத்துவச் சங்கம் தன் கைநூலில் இக்குறைகளை 'நரம்பு வளர்ச்சிக் கோளாறுகள்' என்னும் ஒரே தலைப்பின்கீழ்த் தொகுத்தது.

இலங்கையின் நிலை

நம் நாட்டிலும் வெளிப்படத் தெரியும் குறைகளே முதலிற் கவனம் பெற்றன. வெள்ளவத்தையிலிருந்து தெற்கே சில கல் தொலைவிலுள்ள இரத்மலானையில், செவிப்புலனும் விழிப்புலனும் அற்றோருக்கான பாடசாலை 1912இல் மேரி சப்மன் அம்மையாரின் முயற்சியால் தோன்றிற்று. கேளாமையைக் கண்டறிதல் எளிது. கேட்கும் செவியும் காணும் கண்ணும் உடைய பிள்ளை வாசிக்க இயலாதிருப்பதை நம்புதல் அரிது.

1945இல் கல்வி அமைச்சர் கன்னங்கராவின் முயற்சியால் இலவசக் கல்வி நடைமுறைக்கு வந்தது. ஏழைப் பிள்ளைக்கும் பள்ளிக் கதவு திறந்தது. எனினும் உள்ளே சென்ற பிள்ளையை எதிர்கொண்டது பரீட்சை. திறமையுள்ள ஏழைப் பிள்ளைகளை மேலுயர்த்த எழுந்த ஐந்தாம் வகுப்புப் புலமைப் பரிசிற் பரீட்சை, நாளடைவிற் பத்து வயதிலேயே பிள்ளைகளைத் தரம் பிரிக்கும் சல்லடையாயிற்று. வாசிப்பு மந்தமான பிள்ளை வினாவின் விடையை அறிந்திருந்தும், வினாவை வாசித்து முடிப்பதற்குள் நேரம் கழிந்துவிடுகின்றது.

1996இன் 28ஆம் இலக்கச் சட்டம் ஊனமுற்றோரின் உரிமைகளைப் பாதுகாக்க எழுந்தது. 1998 தொடக்கம் 5 முதல் 14 வயது வரையும், 2016 தொடக்கம் 16 வயது வரையும் பள்ளி வரவு கட்டாயமாயிற்று. மாற்றுத்திறனாளிகளின் உரிமைகள் பற்றிய ஐக்கிய நாடுகளின் உடன்படிக்கையையும் 2016இல் இலங்கை ஏற்று உறுதிசெய்தது.

இனங்காணும் துறையிற் குறிப்பிடத்தக்கது, கொழும்புப் பல்கலைக்கழகப் பேராசிரியை ஹேமமாலி பெரேராவும் அவர் குழுவினரும் 2009இல் வெளியிட்ட ஆய்வாகும். 18 முதல் 24 மாதம் வரையான 374 குழந்தைகளை அவர்கள் ஆராய்ந்து, 93 பேருக்கு ஒருவர் என்னும் வீதத்தில் ஓட்டிசத்தைக் கண்டனர். அவ்வாய்வில், அமெரிக்காவிற் பெரிதும் பயன்பட்ட வினாப்பட்டியலொன்றைச் சிங்களத்திற் பெயர்த்துத் தாய்மாரிடம் வினவியபோது, அது ஓட்டிசமுள்ள பிள்ளைகளுள் நூற்றுக்கு 25 பேரையே இனங்கண்டது. ஆராயப்பட்டோர் தொகை சிறிதாயினும் பாடம் பெரிது. சொற்களைப் பெயர்த்தமை போதவில்லை. பிள்ளையின் நடத்தையை நம் தாய்மார் நோக்கும் முறையும் வேறாயிருந்தது. பின்னர் அக்குழுவினர், நடத்தைகளைப் படங்களாகக் காட்டித் தாயிடம் வினவும் புதிய முறையொன்றை வகுத்து 2017இல் வெளியிட்டனர். காமத் கன்னடப் பிள்ளைக்குச் செய்ததை இவர்கள் இலங்கைத் தாய்க்குச் செய்தனர் எனலாம்.

எம்மொழியிற் சோதிப்பது?

இனிக் கொழும்புத் தமிழ்ப் பிள்ளையின் நிலையை நோக்குவோம். யாழ்ப்பாணத்து வீட்டில் 'வாறன்' என்றும், மலையகத் தொடர்புடைய வீட்டில் 'வர்றேன்' என்றும் பேசிப் பழகிய பிள்ளை, பாடநூலில் 'வருகிறேன்' என வாசித்தல் வேண்டும். தெருவிற் கேட்பது சிங்களம். பெற்றோர் விரும்புவது ஆங்கிலம். மூன்று மொழி, மூன்று எழுத்து முறை. போர்க்காலத்தில் வடக்குக் கிழக்கிலிருந்து வெள்ளவத்தைக்கும் கொட்டாஞ்சேனைக்கும் இடம்பெயர்ந்து வந்த பிள்ளைகள் பலர், பள்ளி வாழ்வும் இடையிற் முறிந்தவர்கள். இத்தகைய பிள்ளை ஆங்கிலத்தில் வாசிக்கத் தவறின், அது கற்றல் இடர்ப்பாடா, மொழி அறியாமையா? இரு பக்கமும் தவறு நேரலாம். குறையில்லாத பிள்ளைக்குக் குறை கற்பிக்கப்படலாம். உண்மையாக இடர்ப்படும் பிள்ளை, 'மொழி பழகினாற் சரியாகிவிடும்' என்னும் ஆறுதலோடு கைவிடப்படலாம்.

எழுத்து முறையும் கவனத்திற்குரியது. ஆங்கிலச் சோதனைகள் 'பி', 'டி' ஆகிய ஒலிகளுக்குரிய சிறிய எழுத்துக்களை இடம் வலமாக மாற்றுதலைப் பெரிதாகக் கூறும். தமிழில் அமைப்பு வேறு. 247 எழுத்துக்களுள் 216 உயிர்மெய்கள். 'கெ', 'கே', 'கை' என்பவற்றில் உயிரின் குறி முன்னே எழுதப்பட்டுப் பின்னே ஒலிக்கின்றது. 'கொ', 'கோ' என்பவற்றில் இருபுறமும் நிற்கின்றது. 'கடல்', 'சங்கம்', 'அகம்' என்பவற்றில் ககரம் ஒன்றே ஒலி மூன்று. லகர ளகர ழகரங்களும் ணகர னகரங்களும் பேச்சிற் பலரிடம் வேறுபாடின்றி ஒலிக்கின்றன. எனவே தமிழ்ப் பிள்ளையின் வழக்கமான பிழை எது, இடர்ப்பாட்டைக் காட்டும் பிழை எது என்பதைத் தமிழ்ப் பிள்ளைகளிடம் பெற்ற அளவைகளைக் கொண்டே துணிதல் வேண்டும். சென்னையில் 1990களின் தொடக்கத்தில் தோன்றிய டிஸ்லெக்சியா சங்கத்தின் பணி இத்துறையிற் குறிப்பிடத்தக்கது. நம் பிள்ளைகளின் பேச்சு வழக்குக்கு ஏற்ற அளவைகள் ஈண்டும் பெருகுதல் வேண்டும்.

முறையாக இனங்காணலில் ஓர் ஒழுங்கு உண்டு. முதலிற் செவியையும் கண்ணையும் சோதித்தல். பின்னர்ப் பள்ளி வரவையும் வீட்டு மொழியையும் விசாரித்தல். அதன்பின் பிள்ளை நன்கறிந்த மொழியில் வாசிப்பு, எழுத்து, எண், நினைவு ஆகியவற்றை ஆராய்தல். தீர்ப்புக் கூறுதல் மருத்துவர்க்கும் உளவியலாளர்க்கும் உரியது. ஆயினும் பிள்ளையை நாள்தோறும் காண்பவர் ஆசிரியரே. பேர்சியின் ஆசிரியர் கூறிய ஒரு வாக்கியம் மருத்துவரின் குறிப்பில் இன்றும் நிலைத்திருப்பதை மறத்தலாகாது.

முடிவுரை

இக்கட்டுரையாளன் ஆசிரியப் பணியின் தொடக்கத்தில், வாசிக்காத குற்றத்திற்காக நான்காம் வகுப்பு மாணவனொருவனை நாள்தோறும் வாங்கில் ஏறி நிற்கச் செய்ததுண்டு. ஒருநாள் அவன் புத்தகத்தை விரித்துப் பாடத்தைத் தங்குதடையின்றிக் கூறினான். அருகிற் சென்று பார்த்தபோது, விரித்திருந்த பக்கம் வேறொரு பாடத்தினது. வகுப்பு நகைத்தது, ஏமாற்றுக்காரன் என முடிவுசெய்து தண்டித்தேன். பிறர் வாசிக்கக் கேட்டே முழுப்பாடத்தையும் மனத்திற் பதிக்க வல்லவன் மந்தபுத்தியுடையவன் அல்லன் என்பது, பல ஆண்டுகளின் பின், வெளிவாரிப் பட்டப் படிப்புக்காக நூலகத்தில் அமர்ந்து பேர்சியின் வரலாற்றை வாசித்தபோதே புலனாயிற்று. அதற்குள் அவன் பள்ளியை விட்டு நீங்கியிருந்தான்.

சென்னை எழும்பூரிலிருந்த அநாதைச் சிறுவர் பள்ளியை 1789 தொடக்கம் நடத்திய அன்றூ பெல், உள்ளூர்ப் பள்ளிப் பிள்ளைகள் மணலில் விரலால் எழுதிப் பழகுவதைக் கண்டு, அம்முறையைத் தம் பள்ளியிற் கைக்கொண்டு, 1797இல் இங்கிலாந்தில் நூல் வாயிலாகவும் அறிவித்தார். விரலால் வரைந்தும் வாயால் ஒலித்தும் கற்கும் அவ்வழியை, இடர்ப்படும் பிள்ளைக்கு உகந்ததாகக் கில்லிங்காம் பின்னர் வேறொரு காரணத்தால் வகுத்தார். நம் முன்னோர் இவ்விடர்ப்பாட்டை அறிந்து அவ்வாறு செய்தனர் என்று கூறுதல் மிகையாகும். எனினும் அரிசியில் விரல் பிடித்து எழுதுவித்த கை, எழுதத் தவறிய பிள்ளையைப் பிரம்பால் அடித்ததும் அதே கைதான் என்பதை எண்ணிப் பார்த்தல் தகும்.

பெயர் சூட்டுதல் முடிவன்று, உதவியின் தொடக்கமே. உதவி பின்தொடராத பெயர் மந்தபுத்தி என்னும் பழைய பெயரினும் மேலானதாகாது. அடுத்த தவணையில், விடை தெரிந்தும் வாசிக்க இயலாது நிற்கும் பிள்ளையை நம் வகுப்பிற் காண்போமாயின், வாங்கில் ஏற்றுமுன் அப்பிள்ளையின் செவியையும் கண்ணையும் சோதிப்பிக்கவும், அதன் தாயை அழைத்துப் பழி கூறாது விசாரிக்கவும், பிழைகளை ஒரு கொப்பியிற் குறித்து வைக்கவும் நாம் முற்படுவோமாக. அக்கொப்பியே மருத்துவர் முன் அப்பிள்ளைக்காகப் பேசும் சாட்சியாகும்.